வேட்புமனு முதல் தவிசாளர் தெரிவு வரை: வன்னியில் பிரதேச சபைத் தேர்தல் தகராறுகளைக் கையாளும் வழி

பிரதேச சபைத் தேர்தலில் முதல்முறை இறங்குகிறவர்கள் வாக்குச் சேர்ப்பதைப் பற்றியே யோசிப்பார்கள். ஆனால் பல குழுக்களின் தேர்தல் வாக்குச்சீட்டு அச்சாகுமுன்னரே, கச்சேரி (மாவட்டச் செயலகம்) மேசையில், ஒரு கையொப்பத்தில் முடிந்துவிடுகிறது. அதன்பிறகு நீதிமன்றம் போனாலும், கையில் என்ன கடதாசி இருக்கிறது, எத்தனை நாள் கடந்துவிட்டது என்ற இரண்டும்தான் வழக்கைத் தீர்மானிக்கின்றன. இந்தக் கட்டுரை அந்தக் கடதாசிகளையும் நாட்களையும் பற்றியது. சுயேட்சைக் குழுவாகவோ சிறு கட்சியின் சார்பிலோ புதிதாக இறங்குகிறவர்களை மனதில் வைத்து எழுதப்பட்டது.

எந்தச் சட்டம், எந்தச் சபை

இலங்கையில் இந்தத் தேர்தலை ஆளும் சட்டம் 1946 ஆம் ஆண்டின் 53 ஆம் இலக்க உள்ளூர் அதிகாரசபைகள் தேர்தல் கட்டளைச் சட்டம். 2012, 2016, 2017 ஆகிய ஆண்டுகளில் பெரிதாகத் திருத்தப்பட்டது. சபை எப்படி நடக்க வேண்டும் என்பதைச் சொல்வது 1987 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கப் பிரதேச சபைகள் சட்டம். இரண்டையும் ஒன்றாக எண்ணிக் குழப்பிக்கொள்ளக் கூடாது. வேட்புமனு, வாக்கெண்ணல், வெற்றிடம் நிரப்புதல், சபைத் தலைவரான தவிசாளரின் தெரிவு எல்லாம் முதலாவதில். வரவுசெலவுத் திட்டம், கூட்டம், நிதி எல்லாம் இரண்டாவதில். பழைய பதிப்பை இணையத்தில் எடுத்து வைத்துக்கொண்டு வாதாடி ஏமாந்தவர்கள் பலர். திருத்தச் சட்டங்களையும் சேர்த்து வாசியுங்கள்.

வன்னி என்று நாம் சொல்லும் நிலத்தில் கிளிநொச்சியும் உண்டு. ஆனால் வன்னித் தேர்தல் மாவட்டம் என்றால் வவுனியா, மன்னார், முல்லைத்தீவு மட்டும்தான். பாராளுமன்றத் தேர்தலில் கிளிநொச்சி யாழ்ப்பாணத்தோடு சேரும். பிரதேச சபைத் தேர்தலில் இந்தப் பிரிப்பு பொருட்டல்ல. உங்கள் நிர்வாக மாவட்டத்தின் கச்சேரிதான் உங்கள் இடம். கரைச்சி, பூநகரி, பச்சிலைப்பள்ளிக் குழுக்கள் கிளிநொச்சிக்கும், கரைதுறைப்பற்று, புதுக்குடியிருப்பு, துணுக்காய், மாந்தை கிழக்குக் குழுக்கள் முல்லைத்தீவுக்கும் போகவேண்டும். வவுனியாவில் தெற்குத் தமிழ்ப் பிரதேச சபை, தெற்குச் சிங்களப் பிரதேச சபை என இரண்டு தனித்தனிச் சபைகள் இருப்பதால், படிவத்தில் பெயரை முழுமையாக எழுதாவிட்டால் குழப்பம் நிச்சயம்.

திகதியையும் சபை சபையாகப் பார்க்கவேண்டும். 2025 இல் நாட்டின் பெரும்பாலான சபைகளுக்கு வேட்புமனுக் காலம் மார்ச் 17 முதல் 20 நண்பகல் வரை. மன்னார், பூநகரி, தெஹியத்தகண்டி ஆகிய மூன்று பிரதேச சபைகளுக்கு மட்டும் மார்ச் 24 முதல் 27 வரை. பக்கத்துச் சபைக்காரர் சொன்ன திகதியை நம்பினால் என்ன நடக்கும் என்று யோசித்துப் பாருங்கள். மாவட்டத்தில் தேர்தலை நடத்தும் தெரிவத்தாட்சி அலுவலர் வெளியிடும் அறிவித்தலின் பிரதியை நேரில் எடுத்து, கோப்பின் முதல் தாளாக வையுங்கள்.

வாக்காளர் இடாப்பு: சண்டை தொடங்கும் இடம்

வேட்பாளராக நிற்கவும் வாக்களிக்கவும் அடிப்படை, அந்தச் சபை எல்லைக்குள் வாக்காளராகப் பதிந்திருப்பது. வன்னியில் இது மற்ற இடங்களைப் போல எளிதான விடயமல்ல. 1990 இல் வெளியேற்றப்பட்டுப் புத்தளத்தில் தங்கியிருந்த முசலி, மன்னார் முஸ்லிம் குடும்பங்கள், 2009 இற்குப் பின் முகாமிலிருந்து திரும்பியவர்கள், தமிழ்நாட்டு முகாம்களிலிருந்து மன்னாருக்கு வந்தவர்கள் என்று ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு பதிவுக் கதை உண்டு. இடம்பெயர்ந்தவர்களைத் தங்கள் பழைய இடத்திலேயே பதிவதற்காக 2013 இல் 27 ஆம் இலக்க வாக்காளர் பதிவு (விசேட ஏற்பாடுகள்) சட்டம் வந்தது. அதற்கு மேலாக, 1980 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்கச் சட்டத்தின்படி வருடாவருடம் இடாப்புத் திருத்தப்படுகிறது.

விதானையார் (கிராம அலுவலர்) படிவம் கொண்டுவரும்போது வீட்டில் ஆள் இல்லையென்றால், அந்த வருடம் பெயர் விடுபடக்கூடும். இடாப்புப் பார்வைக்கு வைக்கப்படும் நாட்களில் கிராம அலுவலர் அலுவலகத்திலோ பிரதேச செயலகத்திலோ போய் உங்கள் வீட்டிலக்கத்தின்படி பெயரைத் தேடுங்கள். இல்லையென்றால் அப்போதே உரிமைக் கோரிக்கை கொடுங்கள். இங்கு வசிக்காத ஒருவரின் பெயர் இருந்தால் ஆட்சேபனையும் அதே காலத்தில்தான். தேர்தல் அறிவித்த பிறகு, அவர் இந்த ஊரில் இல்லை என்று சொல்வதால் அநேகமாகப் பயனில்லை. இடாப்பில் பெயர் இருப்பது ஒரு பலமான அத்தாட்சி.

எதிராளியின் வதிவிடத்தைக் கேள்விக்குட்படுத்த நினைத்தால், கிராம அலுவலர் சான்றிதழை மட்டும் நம்பாதீர்கள். மின்கட்டணப் பட்டியல், பிள்ளையின் பாடசாலைப் பதிவு, வேறு சபை எல்லையில் உள்ள இடாப்புப் பதிவு என்று இரண்டு மூன்று வகைச் சான்றுகள் ஒன்றையொன்று தாங்க வேண்டும். காணி இந்த எல்லையில் இருக்கிறது என்பது மட்டும் வதிவிடம் ஆகாது. வன்னியில் காணி ஒரு பக்கம், குடியிருப்பு ஒரு பக்கம் என்பது சாதாரணம் என்பதால் இந்தத் தவறு திரும்பத் திரும்ப நடக்கிறது.

வேட்புமனுக் கோப்பு

இங்கேதான் அதிக நேரம் செலவிட வேண்டும்.

தற்போதைய முறையில் உறுப்பினர்களில் 60 வீதம் வட்டாரங்களிலிருந்தும் 40 வீதம் விகிதாசார மேலதிகப் பட்டியலிலிருந்தும் வருகிறார்கள். அதனால் வேட்புமனுப் பத்திரங்கள் இரண்டு: வட்டார வேட்பாளர்களுக்கு முதலாவது, மேலதிகப் பட்டியலுக்கு இரண்டாவது. முதலாவதில் குறைந்தது 10 வீதம், இரண்டாவதில் குறைந்தது 50 வீதம் பெண்கள் இருக்கவேண்டும். 2025 தேர்தலுக்கு முன் வந்த திருத்தத்தின்படி 25 வீதம் இளைஞர்களும் வேண்டும். இளைஞர் என்றால் 18 வயதுக்குக் குறையாத, 35 வயதுக்கு மேற்படாத ஒருவர். எத்தனை பெயர் வேண்டும் என்பதை அறிவித்தலில் உள்ள எண்ணிக்கையிலிருந்தே எடுங்கள். ஒரு பெயர் குறைந்தாலே முழுப் பட்டியலும் போய்விடும்.

ஒரு கணக்கு. முதலாவது பத்திரத்தில் 12, இரண்டாவதில் 11 பெயர் என்று வைத்துக்கொள்வோம். 12 இல் 10 வீதம் 1.2, இரண்டு பெண்களைப் போடுங்கள். 11 இல் 50 வீதம் 5.5, ஆறு பெண்களைப் போடுங்கள். இளைஞர் மொத்தம் 23 இல் 25 வீதம் 5.75, ஆகவே ஆறு. ஆனால் முதலாவதில் மூன்று, இரண்டாவதிலும் மூன்று என்று தனித்தனியே நிறைவு செய்தால் எந்த வாசிப்பிலும் தப்பலாம். பின்னம் வந்தால் எப்போதும் மேல்நோக்கியே எடுங்கள். அலுவலர் எப்படி வாசிப்பார் என்று ஊகித்துக்கொண்டு விளிம்பில் நிற்கக் கூடாது. ஒரு பெண் வேட்பாளரின் கடதாசியில் குறையிருந்தால் விகிதமும் உடையும் என்பதால், பெண்களின் எண்ணிக்கையை ஒன்று இரண்டு கூட்டியே வைப்பது நல்லது. எப்படியும் பெண்கள் சபைக்குள் வரவேண்டும் என்பதுதான் அந்த ஏற்பாட்டின் நோக்கம். கணக்குக்காகக் கடைசி நாள் யாரையாவது கையொப்பமிட வைக்கிற குழுவே அடுத்த நாள், அந்தப் பெண் நான் சம்மதிக்கவில்லை என்று சொல்லும்போது மாட்டிக்கொள்கிறது.

ஒவ்வொரு வேட்பாளரும் சம்மதக் கையொப்பமும் அரசியலமைப்பின் ஏழாம் அட்டவணையில் உள்ள சத்தியமும் தரவேண்டும். 6 ஆம் திருத்தத்தோடு வந்த அந்தச் சத்தியம், நாட்டின் ஆள்புலத்துக்குள் தனி அரசு அமைப்பதை ஆதரிப்பதில்லை என்பது. ஒரேயொரு வேட்பாளரின் சத்தியக் கடதாசி இல்லையென்றாலே முழுப் பட்டியலும் நிராகரிக்கப்படும் ஆபத்து உண்டு. கையொப்பம், திகதி, சமாதான நீதவானின் முத்திரை, அவரது பெயரும் அதிகார எல்லையும் எல்லாம் தெளிவாக இருக்கிறதா என்று ஒவ்வொரு தாளாகப் பாருங்கள். முத்திரை மங்கலாகப் பதிந்திருந்தால் மறுபடி எடுங்கள்.

வயதைக் காட்ட இளைஞர் வேட்பாளர்கள் இணைக்கும் பிறப்புச் சான்றிதழ்தான் வன்னியில் பெரிய சிக்கல். 2025 இல் நாடு முழுவதும் நடந்த வழக்குகளின் மையமே இதுதான்: பிறப்புச் சான்றிதழின் பிரதி எவ்வாறு அத்தாட்சிப்படுத்தப்பட வேண்டும் என்பது. அந்தக் காரணத்துக்காக நிராகரிக்கப்பட்ட பல வேட்புமனுக்களை ஏற்குமாறு மேன்முறையீட்டு நீதிமன்றம் 2025 ஏப்ரலில் உத்தரவிட்டது. வேறு காரணங்களுக்காகப் போன பலரின் மனுக்கள் தோற்றன. வழக்கில் வெல்லலாம் என்று நம்பிப் போட்டோப் பிரதியை இணைக்காதீர்கள். மாவட்டப் பதிவகத்திலோ பிரதேச செயலகத்திலோ பதிவாளரின் முத்திரையோடு வழங்கும் பிரதியை வேட்புமனுத் திகதிக்கு ஒரு மாதம் முன்னரே எடுங்கள்.

அந்தப் பிரதி கிடைக்காத பிள்ளைகள் இங்கே உண்டு. யுத்தத்தில் பதிவேடு அழிந்தது, இடம்பெயர்ந்த இடத்தில் பிறந்து பதியாமல் விட்டது, தமிழ்நாட்டு முகாமில் பிறந்து இந்தியப் பிறப்புச் சான்றிதழ் மட்டும் இருப்பது. முதல் இரண்டுக்கும் காலங்கடந்த பதிவு அல்லது உத்தேச வயதுச் சான்றிதழ் என்ற வழி உண்டு. மூன்றாவதற்கு இலங்கைக் குடியுரிமைப் பதிவு ஆவணமும் வேண்டும். இவை வாரக்கணக்கில் எடுக்கும் வேலைகள். அடையாள அட்டையில் ஒரு பெயர், பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயர் என்றால், இரண்டும் ஒருவரே என்று சத்தியக்கடதாசி எடுத்து இணையுங்கள். தகப்பனின் பெயர் ஓரிடத்தில் முன்னெழுத்தாகவும் மற்றதில் முழுப்பெயராகவும் இருப்பது நம்மிடம் எங்கும் உண்டு. அதைக்கூட விட்டுவைக்க வேண்டாம்.

கட்டுப்பணம் கட்சிக்கு வேட்பாளர் ஒருவருக்கு 1,500 ரூபா, சுயேட்சைக் குழுவுக்கு 5,000 ரூபா. மேலே சொன்ன 23 பேர்ப் பட்டியலுக்கு முறையே 34,500 ரூபாவும் 115,000 ரூபாவும் வரும். கட்டவேண்டிய கடைசி நேரம் வேட்புமனு முடியும் நாளல்ல, அதற்கு முந்திய நாள் நண்பகல் 12 மணி. 2025 இல் பெரும்பாலான சபைகளுக்கு அது மார்ச் 19. கடைசி நாளுக்கு வைத்தால், வங்கி, பேருந்து, மழை எல்லாம் எதிரியாகும். பற்றுச்சீட்டின் இலக்கத்தைக் குறித்துக்கொண்டு இரண்டு பிரதி எடுத்து வையுங்கள்.

மேசையில் நண்பகல் 12 மணிவரை

பத்திரத்தில் கையொப்பமிட வேண்டியவர் கட்சிக்குச் செயலாளர் அல்லது அதிகாரமளிக்கப்பட்ட முகவர், சுயேட்சைக் குழுவுக்குக் குழுத் தலைவர். அந்தக் கையொப்பத்தைச் சமாதான நீதவானோ பிரசித்த நொத்தாரிசோ அத்தாட்சிப்படுத்த வேண்டும். பத்திரத்தைக் கையளிக்க வேண்டியவரும் அதே செயலாளர், முகவர் அல்லது குழுத் தலைவர்தான். தலைவருக்குக் காய்ச்சல் என்று மைத்துனரை அனுப்பினால் பத்திரம் செல்லாது. அதிகாரமளிக்கும் கடிதத்தின் மூலப்பிரதியைக் கொண்டு போங்கள். வட்ஸ்அப்பில் வந்த படம் போதாது.

12 மணிக்கு வாயில் மூடப்பட்டபின் 1.30 மணிவரை ஆட்சேபனை நேரம். அதற்குள் மற்றவர்களின் பத்திரத்தையும் பார்த்துவிட முடியும். ஆட்சேபனையை முன்னரே அச்சடித்துக் கொண்டு போங்கள். பெயர், இலக்கம், காரணம் நிரப்ப மட்டும் இடம் விடுங்கள். காரணம் கட்டளைச் சட்டத்தில் உள்ள நிராகரிப்புக் காரணங்களில் ஒன்றாக இருக்கவேண்டும்: நேரத்துக்குக் கையளிக்கவில்லை, எண்ணிக்கை குறைவு, கட்டுப்பணம் இல்லை, சம்மதமோ சத்தியமோ இல்லை, அத்தாட்சி இல்லை, பெண்கள் அல்லது இளைஞர் விகிதம் குறைவு. ஒருவரின் குணநலனைப் பற்றிப் பேசுவது நேரத்தை வீணாக்கும், பகையையும் வளர்க்கும்.

உங்கள் பத்திரத்தையே நிராகரித்தால் கோபம் வரும். வரட்டும், ஆனால் அப்போது செய்யவேண்டிய மூன்று வேலைகளை விட்டுவிடாதீர்கள். முதலாவது, காரணத்தை எழுத்தில் கேளுங்கள். வாய்மொழியாகச் சொன்னாலும் நேரம், சொன்னவரின் பதவி, சொன்ன வார்த்தை, அருகில் நின்றவர்களின் பெயர் இவற்றை அங்கேயே எழுதிக் கையொப்பமிடுங்கள். இரண்டாவது, உங்கள் பத்திரத்தின் அத்தாட்சிப்படுத்திய பிரதியைக் கேட்டுக் கடிதம் கொடுத்து, பெற்றுக்கொண்டதாகத் திகதி முத்திரை வாங்குங்கள். மூன்றாவது, அன்று மாலையே தேர்தல் சட்டம் தெரிந்த சட்டத்தரணியிடம் கோப்பை அனுப்புங்கள். நாளைக்குப் பார்ப்போம் என்பது இங்கே செல்லாது.

எந்த நீதிமன்றம்?

இதைத் தவறாக எடுத்தால் வழக்கின் சாரத்தைக் கேட்காமலே அனுப்பிவிடுவார்கள்.

தெரிவத்தாட்சி அலுவலரின் நிராகரிப்பு இறுதியானது என்று சட்டம் சொல்கிறது. புதியவர்கள் பலர் இதைப் படித்துவிட்டு வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். ஆனால் அரசியலமைப்பின் 140 ஆம் உறுப்புரை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு எழுத்தாணை அதிகாரம் (அலுவலர்களின் சட்டவிரோத முடிவை நீக்கவும், கடமையைச் செய்யக் கட்டளையிடவும் உள்ள அதிகாரம்) தருகிறது. பொருள்கோடல் கட்டளைச் சட்டத்தின் 22 ஆம் பிரிவும், அதிகார எல்லை மீறியது வெளிப்படையாகத் தெரிந்தால் அல்லது கட்டாய நடைமுறையோ இயற்கை நீதியோ மீறப்பட்டிருந்தால் இறுதித் தன்மை தடையாகாது என்கிறது. ஆகவே மனுவில் அவர் தவறாக முடிவெடுத்தார் என்று எழுதினால் போதாது. எந்த ஏற்பாட்டை மீறினார், அந்த மீறல் எந்தத் தாளில் தெரிகிறது என்று காட்டவேண்டும். வேண்டுவது இரண்டு: நிராகரிப்பை நீக்கும் உறுதிகேள் எழுத்தாணை, பத்திரத்தை ஏற்கச் செய்யும் ஆணையீட்டு எழுத்தாணை. முதலாவதை மட்டும் கேட்டால் நிராகரிப்பு நீங்கும், பெயர் வாக்குச்சீட்டில் வராமல் போகலாம்.

எதிர்ப்பது தேர்தல் ஆணைக்குழுவின் தீர்மானத்தை என்றால் இடம் வேறு. ஆணைக்குழு பற்றி 104 ஆம் உறுப்புரையைத் தொடர்ந்து வரும் ஏற்பாடுகளின்படி அந்த எழுத்தாணை அதிகாரம் உயர் நீதிமன்றத்திடம் உள்ளது, ஒரு மாதத்துக்குள் போகவேண்டும். அடிப்படை உரிமை மனுவும் 126 ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தில், அதுவும் ஒரு மாதத்துக்குள். மனித உரிமைகள் ஆணைக்குழுவில் அந்த மாதத்துக்குள் முறைப்பாடு செய்தால், விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது என்று 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டம் சொல்கிறது. தேர்தலையே நடத்தாமல் விட்டது போன்ற பெரிய விடயங்கள் இந்த வழியால்தான் வந்தன: 1999 இல் மாகாண சபைத் தேர்தல் ஒத்திவைப்புப் பற்றிய கருணாதிலக்க வழக்கு, 2023 மார்ச் 9 இல் நடக்கவிருந்த உள்ளூராட்சித் தேர்தல் நடக்காதது பற்றி 2024 ஆகஸ்ட் 22 இல் வந்த தீர்ப்பு. தனியொரு பட்டியலின் நிராகரிப்புக்கு எழுத்தாணை மனுவே பொருத்தம்.

வவுனியா மேல் நீதிமன்றம் அருகில் இருக்கிறதே, அங்கே போகலாமா? மாகாண மேல் நீதிமன்றத்தின் எழுத்தாணை அதிகாரம் மாகாண சபைப் பட்டியலில் உள்ள விடயங்களுக்கு மட்டும். உள்ளூராட்சி அந்தப் பட்டியலில் இருக்கிறது, ஆனால் தேர்தல் மத்திய அரசுக்கு ஒதுக்கிய பட்டியலில் இருக்கிறது. ஆகவே வேட்புமனுவுக்குக் கொழும்பு புதுக்கடையில் உள்ள மேன்முறையீட்டு நீதிமன்றமே பாதுகாப்பு. சபை இயங்கத் தொடங்கியபின் எழும் தகராறுகளில் மேல் நீதிமன்றத்தின் வாயில் திறக்கக்கூடும், ஆனால் அதிகார எல்லை பற்றிய ஆட்சேபனையை எதிர்பார்த்தே போகவேண்டும்.

வாக்களிப்புக்குப் பின் தெரிவையே செல்லாததாக்க வேண்டுமென்றால் தேர்தல் மனு. இலஞ்சம், மிரட்டல், முடிவைப் பாதித்த நடைமுறை மீறல், தகைமையின்மை ஆகியவற்றுக்கு. படிவம், பிணைப்பணம், யார் யாரை எதிர்மனுதாரராக்குவது என்பவற்றில் மிகவும் இறுக்கமான வழக்கு இது. வர்த்தமானியில் முடிவு வெளியான அன்றே சட்டத்தரணியோடு நாள் எண்ணத் தொடங்குங்கள்.

மனு எதனால் சரிகிறது

கட்டளைச் சட்டத்தின்படி வேட்புமனு முடிந்து ஐந்து முதல் ஏழு வாரத்துக்குள் வாக்களிப்பு. 2025 இல் மார்ச் 20 இலிருந்து மே 6 வரை 47 நாட்கள். அதற்குள்ளேயே வாக்குச்சீட்டு அச்சிடல், தபால் வாக்கு எல்லாம் நடக்கும். இரண்டு வாரம் தாமதித்து வந்தால், வாக்குச்சீட்டு அச்சாகிவிட்டது, இனி உத்தரவால் பயனில்லை என்ற பதில் வரும். ஆகவே இடைக்கால உத்தரவுக் கோரிக்கையை மனுவிலேயே சேருங்கள்.

1990 ஆம் ஆண்டின் மேன்முறையீட்டு நீதிமன்ற விதிகளின் 3 ஆம் விதிப்படி, மனுவோடு சத்தியக்கடதாசியும் ஆவணங்களின் மூலப்பிரதியோ அத்தாட்சிப்படுத்திய பிரதியோ வரவேண்டும். சாதாரணப் போட்டோப் பிரதியோடு போய்த் தள்ளுபடியானவை ஏராளம். மூலப்பிரதி அலுவலரிடம் இருந்தால், கேட்டும் கிடைக்கவில்லை என்று மனுவிலேயே எழுதி, முத்திரை வாங்கிய உங்கள் கோரிக்கைக் கடிதத்தை இணையுங்கள். மேலே அந்த முத்திரையை வற்புறுத்தியது இதற்காகத்தான்.

தமிழ்க் கடதாசிகளுக்குச் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளரின் ஆங்கில மொழிபெயர்ப்பு வேண்டிவரும். மொழிபெயர்ப்பாளரை முன்னரே பேசி வைக்காவிட்டால் வழக்கில் இரண்டு நாள் அங்கேயே போகும். சத்தியக்கடதாசியில் கையொப்பமிடுபவர் குழுத் தலைவராக இருக்கட்டும். அவர் அதைத் தன் மொழியில் வாசித்து விளங்கிய பின்னரே இடவேண்டும், அந்த விளக்கக் குறிப்பும் அதில் இருக்கவேண்டும்.

பாதிக்கப்படக்கூடிய எல்லாரையும் எதிர்மனுதாரராக்குங்கள்: தெரிவத்தாட்சி அலுவலர், ஆணைக்குழு உறுப்பினர்கள், அதே சபையில் ஏற்கப்பட்ட ஏனைய கட்சிகளின் செயலாளர்கள், சுயேட்சைக் குழுத் தலைவர்கள். ஒருவர் விடுபட்டாலே தேவையான தரப்பு இல்லை என்று மனு விழும். உங்கள் பக்கக் குறையை மறைக்கவும் கூடாது. எழுத்தாணை கேட்டு வருபவர் எல்லாவற்றையும் சொல்லவேண்டும் என்பது விதி. ஒரு வேட்பாளரின் சத்தியக் கடதாசி உண்மையிலேயே விடுபட்டிருந்தால், அதை மறைத்துவிட்டுப் பிறப்புச் சான்றிதழை மட்டும் பேசினால் முழு மனுவும் போய்விடும்.

வாக்கெண்ணலும் பட்டியலும்

வாக்கெண்ணலில் சந்தேகம் வந்தால் மீள எண்ணக் கேட்பது அந்த இடத்திலேயே, முடிவு அறிவிக்கப்படுமுன். முகவர் வீட்டுக்குச் சாப்பிடப் போனால் யாரும் காத்திருக்கமாட்டார்கள். இரண்டு முகவர்கள் மாறிமாறி இருங்கள், நிராகரித்த வாக்குகளின் எண்ணிக்கையை எழுதி வையுங்கள்.

மேலதிகப் பட்டியல் ஆசனத்துக்கு யாரைப் பெயரிடுவது என்பதே வட்டாரத்தில் தோற்றவர்களின் பெரிய மனக்கசப்பு. பெயரிடும் அதிகாரம் கட்சிச் செயலாளருக்கு, சுயேட்சையில் குழுத் தலைவருக்கு. சபையில் 25 வீதம் பெண்கள் என்ற கணக்கு இங்கே நிரப்பப்படும். இரண்டு வருடத்துக்கு ஒருவர், பிறகு மற்றவர் என்று சுழற்சி ஒப்பந்தம் செய்து, திகதியில்லாத பதவி விலகல் கடிதம் வாங்கி வைப்பது வழக்கமாகிவிட்டது. அந்தக் கடிதத்தைப் பின்னர் திகதியிட்டு அனுப்பினால், நான் விலகவில்லை என்று அவர் சத்தியக்கடதாசி தரும்போது வழக்கு உங்கள் மேல் திரும்பும். நம்பிக்கையான ஆளைத் தெரிந்து போடுவதற்கு இந்தக் கடிதம் மாற்றாகாது.

கட்சியிலிருந்து நீக்கப்பட்டால் ஆசனமும் போகும். ஆனால் நீக்கம் கட்சியின் சொந்த யாப்புப்படி நடந்திருக்கவேண்டும்: குற்றப்பத்திரம், பதிலுக்கு நேரம், விசாரணை, தீர்மானம். தொலைபேசியில் சொல்லி நீக்கியதை உறுப்பினர் நீதிமன்றத்தில் எளிதாக உடைப்பார். நீக்கப்படுபவர் நீங்களானால், வர்த்தமானியில் வெற்றிடம் வெளியாகும்வரை காத்திராமல், நீக்கக் கடிதம் கிடைத்த அன்றே நகருங்கள்.

தவிசாளர் தெரிவு

உறுப்பினர்களில் பாதிக்கு மேல் ஒரே கட்சிக்கு இருந்தால் அக்கட்சியே பெயரிடும். இல்லையென்றால் உள்ளூராட்சி ஆணையாளர் கூட்டும் முதற்கூட்டத்தில் வாக்கெடுப்பு. வன்னியில் பல சபைகளில் எவருக்கும் பெரும்பான்மை கிடைப்பதில்லை என்பதால் தகராறு இங்கேதான் திரளும்.

கூட்டத்துக்குப் போகுமுன் இவற்றைப் பாருங்கள். உறுப்பினர் எல்லாரின் பெயரும் வர்த்தமானியில் வெளியாகியதா? அழைப்புக் கடிதம் ஒவ்வொருவருக்கும் கிடைத்ததா? கூட்ட நிறைவெண் (கூட்டம் நடத்தத் தேவையான குறைந்த உறுப்பினர் எண்ணிக்கை) இருக்கிறதா என்று தலைமை தாங்குபவர் அறிவித்தாரா? பிரேரித்தவர், வழிமொழிந்தவர் பெயர் பதிவானதா? பகிரங்க வாக்கா, இரகசிய வாக்கா என்பது உறுப்பினர்களிடம் கேட்டு முடிவாகவேண்டும். 2025 ஜூனில் கொழும்பு மாநகர சபையிலும் சர்ச்சை இதைப் பற்றித்தான். தலைமை தாங்குபவர் கேட்காமலே முறையைத் தீர்மானித்தால், உடனே எழுந்து ஆட்சேபனையைச் சொல்லி, அது கூட்டறிக்கையில் பதியப்பட வேண்டும் என்று கேளுங்கள். எதுவும் சொல்லாமல் வாக்களித்துவிட்டு, தோற்றபின் முறை தவறு என்று போனால், முறையை ஏற்றுத்தானே வாக்களித்தீர்கள் என்பார்கள்.

மூன்று பேர் போட்டியிட்டு எவரும் பாதிக்கு மேல் பெறாவிட்டால், குறைந்த வாக்கு பெற்றவரை நீக்கி மறுபடி வாக்கெடுப்பார்கள். சமமாக வந்தால் திருவுளச்சீட்டு. சீட்டுகள் ஒரே அளவா, ஒரே கடதாசியா, எல்லாரும் பார்க்க மடிக்கப்பட்டனவா என்று கவனியுங்கள். சீட்டை எடுப்பவர் யார் என்பதையும் எடுக்குமுன்னரே ஒத்துக்கொள்ளுங்கள்.

கூட்டறிக்கையின் பிரதியை எழுத்தில் கேளுங்கள். மறுத்தால் 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பியுங்கள். பதிலுக்கு 14 வேலை நாட்கள் வரை ஆகும் என்பதால் வேட்புமனு வழக்குக்கு அது உதவாது, தவிசாளர் வழக்குக்கு உதவும். பதவியிலிருக்கும் ஒருவருக்கு அந்தப் பதவிக்குத் தகைமையே இல்லை என்பது வாதமென்றால், கேட்கவேண்டியது யாதுரித்து எழுத்தாணை.

கடைசியாக ஒன்று. வெற்றி பெற்றவரும் தோற்றவரும் மறந்துவிடுவது செலவறிக்கை. 2023 ஆம் ஆண்டின் 3 ஆம் இலக்கத் தேர்தல் செலவின ஒழுங்குபடுத்தல் சட்டத்தின்படி, முடிவு வெளியாகி 21 நாட்களுக்குள் எல்லா வேட்பாளர்களும் அதைத் தெரிவத்தாட்சி அலுவலரிடம் கொடுக்கவேண்டும். ஒரு ரூபாவும் செலவழிக்காத மேலதிகப் பட்டியல் வேட்பாளரும்தான். பட்டியலில் 23 பேர் இருந்தால் 23 அறிக்கைகள். ஒவ்வொன்றின் பிரதியிலும் திகதி முத்திரை வாங்கி, அறிவித்தலை முதல் தாளாக வைத்த அதே கோப்பில் கடைசித் தாளாகக் கோத்து வையுங்கள்.